ராபர்ட் காப்பா: படமும் படத்தைச் சுற்றிய கதையும்

நார்மண்டி தரையிறக்கம் பற்றி முன்னாடி ஒரு எபிசோட் பண்ணியிருந்தேன். அதோட கடைசியில ஒரு கதை சொன்னது சிலருக்கு ஞாபகம் இருக்கலாம். 1944 ஜூன் 6. ராபர்ட் காப்பா என்ற புகைப்படக்காரர் குண்டு மழைக்கு நடுவுல ஒமாஹா கடற்கரையில் இறங்குகிறார். 106 படங்கள் எடுக்கிறார். ஃபிலிம் லண்டனுக்குப் போகிறது. அங்கே இருட்டறையில் வேலை பார்த்த ஒரு பையன், அவசரத்தில் உலர்த்தும் அலமாரியின் கதவை மூடிவிட்டு சூட்டை ஏற்றிவிடுகிறான். நெகட்டிவ் எல்லாம் உருகிப்போகிறது. மிஞ்சியது 11 படங்கள் மட்டும். "ஒரு பையனோட கவனக்குறைவு, வரலாறே போச்சு" அப்படீன்னு நானும் கொஞ்சம் உருக்கமாகவே சொல்லி முடிச்சேன்.

அதைக் கேட்ட ஒரு நேயர் எழுதியிருந்தார். "சார், அந்தக் கதையைப் பத்து வருஷத்துக்கு முன்னாடியே கேள்வி கேட்டுட்டாங்க. நீங்க படிக்கலையா?"

படிக்கலை. அதுதான் உண்மை. அதனால இந்த எபிசோடை ஒரு திருத்தமாக எடுத்துக்கோங்க. ஆனா திருத்தத்தோட நிறுத்தாம, காப்பாவோட முழு வாழ்க்கையையும் பார்த்துடுவோம். இது ஒரு படத்தோட, ஒரு பையனோட முடிகிற விஷயம் இல்லை.

பெயரே ஒரு கதை

ராபர்ட் காப்பா என்பது பிறவிப் பெயர் இல்லை. எந்த்ரே ஃப்ரீட்மன் என்பதுதான் அவர் பெயர். 1913 அக்டோபர் 22-ல் புடாபெஸ்டில், துணி தைக்கும் தொழில் செய்த ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். பதினேழு வயதில் இடதுசாரி அரசியலில் ஈடுபட்டதற்காகக் கைதாகி, ஊரை விட்டே கிளம்ப வேண்டியதாயிற்று. பெர்லினுக்குப் போனார். பத்திரிகையாளர் ஆக வேண்டும் என்று ஆசை. ஆனால் ஜெர்மன் மொழி சரியாக வரவில்லை. மொழி தேவைப்படாத ஒரு வேலை கேமராதானே? ஒரு புகைப்பட ஏஜென்சியில் எடுபிடி வேலையில் சேர்ந்தார். 1932 நவம்பரில் கோபன்ஹேகனில் ட்ராட்ஸ்கி பேசிய கூட்டத்தைப் படமெடுக்க அவரை அனுப்பினார்கள். அந்தப் படங்கள்தான் அவருக்கு முதல் பெயர் வாங்கிக் கொடுத்தன.

அடுத்த வருஷமே ஹிட்லர் ஆட்சிக்கு வந்துவிட்டார். யூதப் பையனுக்கு பெர்லினில் இனி இடமில்லை. வியன்னா, பிறகு பாரீஸ். அங்கே 1934-ல் கெர்டா பொஹோரில்லெ என்ற பெண்ணைச் சந்தித்தார். ஸ்டுட்கார்ட்டில் பிறந்த யூதப் பெண், அவரும் நாஜிகளுக்குத் தப்பி வந்தவர்தான். இருவரும் காதலித்தார்கள். அவர் கெர்டாவுக்குக் கேமரா பிடிக்கக் கற்றுக்கொடுத்தார். கெர்டா அவருக்குத் தலை சீவி, கோட்டு போட்டு, நாலு பேர் முன்னால் நிற்கக் கற்றுக்கொடுத்தார்.

அந்தக் காலத்துப் பாரீஸில் அகதிகளுக்கு அவ்வளவு எளிதாக வேலை கிடைக்காது. அப்போது இருவரும் சேர்ந்து ஒரு யோசனை செய்தார்கள். 'ராபர்ட் காப்பா' என்று ஓர் ஆள் இருக்கிறார், அமெரிக்கர், பெரிய பணக்காரர், புகழ்பெற்ற புகைப்படக்காரர், அவருடைய படங்களைத்தான் நாங்கள் விற்றுத் தருகிறோம் என்று பத்திரிகைகளிடம் சொன்னார்கள். அப்படி ஓர் ஆளே கிடையாது! படம் எடுத்தது எல்லாம் எந்த்ரே. ஆனால் அமெரிக்கர் பெயரில் போனபோது படங்களுக்கு நல்ல விலை கிடைத்ததாகச் சொல்வார்கள். குட்டு வெளிப்பட்ட பிறகு எந்த்ரேவே காப்பா ஆகிவிட்டார். கெர்டாவும் தன் பெயரை கெர்டா தாரோ என்று மாற்றிக்கொண்டார்.

கேட்கும்போது சிரிப்பு வருது, இல்லையா? சோத்துக்கு வழியில்லாத ரெண்டு அகதிகள் செய்த தந்திரம். இதில் தப்பு கண்டுபிடிக்க எனக்கு மனசு வரலை. ஆனா படத்தைவிட, படத்தோடு வருகிற கதைக்குத்தான் விலை அதிகம் என்பதை அவங்க ரெண்டு பேரும் அப்பவே கத்துக்கிட்டாங்க.

விழும் வீரன்

1936 ஜூலையில் ஸ்பெயினில் உள்நாட்டுப் போர் வெடித்தது. ஒரு பக்கம் தேர்ந்தெடுக்கப்பட்ட குடியரசு அரசாங்கம். எதிர்ப்பக்கம் ஃபிராங்கோவின் தலைமையில் கிளர்ந்த ராணுவம், அதற்கு ஹிட்லரும் முசோலினியும் துணை. காப்பாவும் தாரோவும் உடனே கிளம்பிப் போனார்கள். நடுநிலையோடு போகவில்லை. குடியரசு ஜெயிக்க வேண்டும் என்ற ஆசையோடு போனார்கள். இதை ஞாபகம் வெச்சுக்கணும்.

அந்த செப்டம்பர் 5-ஆம் தேதி எடுத்ததாகச் சொல்லப்படும் படம்தான் 'விழும் வீரன்'. வெள்ளைச் சட்டை போட்ட ஒரு போராளி, குண்டு பட்ட கணத்தில் பின்பக்கமாகச் சாய்கிறார். துப்பாக்கி கையை விட்டு நழுவுகிறது. பின்னால் ஒரு சரிவு, வெறும் வானம். பிரான்ஸின் 'வூ' பத்திரிகை செப்டம்பர் 23-ல் வெளியிட்டது. அடுத்த ஆண்டு அமெரிக்காவின் 'லைஃப்' இதழ் வெளியிட்டது. உலகமே பார்த்தது. அப்போது காப்பாவுக்கு 22 வயது. இரண்டே வருஷத்தில் ஒரு பிரிட்டிஷ் இதழ் அவரை உலகிலேயே மிகச் சிறந்த போர்ப் புகைப்படக்காரர் என்று எழுதியது.

கிட்டத்தட்ட நாற்பது வருஷம் இந்தப் படத்தை யாரும் பெரிதாகக் கேள்வி கேட்கவில்லை. 1975-ல் ஃபிலிப் நைட்லி என்ற பத்திரிகையாளர், போர்ச் செய்தியாளர்களைப் பற்றிய தன் புத்தகத்தில் சந்தேகத்தைக் கிளப்பினார். படம் ஏற்பாடு செய்து எடுக்கப்பட்டது என்று ஸ்பெயினில் இருந்த இன்னொரு நிருபர் அவரிடம் சொல்லியிருந்தார்.

'வூ' இதழ் வெளியிட்ட பக்கத்திலேயே ஒரு சிக்கல் இருக்கிறது. அதில் இரண்டு படங்கள். இரண்டு வெவ்வேறு ஆட்கள், கிட்டத்தட்ட அதே இடத்தில் விழுகிறார்கள். வானத்தில் மேகங்களும் ஏறக்குறைய அப்படியே இருக்கின்றன. அதாவது, சில நிமிட இடைவெளியில் எடுத்தவை. அப்படியானால் முதலில் விழுந்தவரின் உடல் இரண்டாவது படத்தில் எங்கே?

1996-ல் பதில் கிடைத்துவிட்டது மாதிரி இருந்தது. படத்தில் இருப்பவர் அல்கோய் ஊரைச் சேர்ந்த ஃபெதெரிகோ பொரெல் கார்சியா என்ற போராளி, அவர் 1936 செப்டம்பர் 5-ல் செர்ரோ முரியானோ என்ற இடத்தில் இறந்தார் என்று ஸ்பெயினில் ஓர் உள்ளூர் ஆய்வாளர் அறிவித்தார். காப்பாவின் வாழ்க்கை வரலாற்றை எழுதிய ரிச்சர்ட் வேலன் இதை ஏற்றுக்கொண்டார். விழும் ஆளின் கை விரல்கள் மடங்கியிருக்கும் விதம் நடிப்பில் வராது என்று கொலை வழக்குகளில் அனுபவமுள்ள ஒரு துப்பறிவாளரின் கருத்தையும் சேர்த்துக்கொண்டார். விஷயம் முடிந்தது என்று எல்லோரும் நினைத்தார்கள்.

முடியவில்லை. பொரெல் இறந்ததைப் பற்றி அவருடைய தோழர் ஒருவர் 1937-லேயே எழுதிய குறிப்பு பிறகு வெளிவந்தது. பொரெல் ஒரு மரத்தின் மறைவில் இருந்து சுட்டுக்கொண்டிருந்தபோது இறந்தார் என்றது அந்தக் குறிப்பு. படத்தில் மரம் என்று ஒன்று கண்ணுக்கெட்டிய தூரம் வரை இல்லை.

அதன் பிறகு ஹோசே மனுவேல் சுஸ்பெர்ரேகி என்ற ஸ்பானியப் பேராசிரியர் செய்த வேலை எனக்கு ரொம்பப் பிடிச்சது. அவர் விழும் ஆளை விட்டுவிட்டார். பின்னால் தெரியும் மலையைப் பிடித்துக்கொண்டார். அதே வரிசையில் காப்பா எடுத்த மற்ற படங்களில் தூரத்து மலைத்தொடர் தெளிவாகத் தெரிகிறது. அந்தப் படங்களை கோர்டோபா வட்டாரத்து ஊர்களுக்கு அனுப்பி, "இது எந்த இடம்?" என்று விசாரித்தார். அந்தப் பகுதியில் ஓர் ஆசிரியர் வகுப்பில் காட்ட, ஒரு மாணவர் இது எங்கள் ஊர் என்று அடையாளம் சொல்லிவிட்டார். எஸ்பெஹோ என்ற ஊர். செர்ரோ முரியானோவில் இருந்து சுமார் 50 கிலோமீட்டர் தள்ளி. அந்தச் செப்டம்பர் முதல் வாரத்தில் எஸ்பெஹோவில் சண்டை நடக்கவில்லை என்பது சுஸ்பெர்ரேகியின் முடிவு. 2009-ல் இது உலகச் செய்தி ஆயிற்று.

அப்போ படம் பொய்யா? இடம் பற்றிய ஆதாரம் ரொம்ப வலுவானது. அதனால் பொரெல் என்ற பெயரும் விழுந்துவிடுகிறது. சண்டைக் காட்சி என்பதும் பெரும்பாலும் விழுந்துவிடுகிறது. கேமராவுக்காக ஓடி விளையாடிக்கொண்டிருந்தபோது உண்மையிலேயே எங்கிருந்தோ ஒரு குண்டு வந்திருக்கலாம் என்று வாதிடுபவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அந்தப் படத்தின் நெகட்டிவ் கிடைத்தால் முன்னும் பின்னும் என்ன எடுத்தார் என்று தெரிந்துவிடும். அது கிடைக்கவில்லை.

காப்பா என்ன சொன்னார்? 1947-ல் நியூயார்க்கில் ஒரு வானொலிப் பேட்டி கொடுத்தார். அதன் ஒலிப்பதிவு வெகுகாலம் கழித்துத்தான் வெளியே வந்தது. பதுங்கு குழியில் சுமார் இருபது போராளிகளோடு இருந்ததாகவும், எதிரே இயந்திரத் துப்பாக்கி இருந்ததாகவும், நாலாவது தடவை அவர்கள் பாய்ந்தபோது பார்க்காமலே கேமராவைத் தலைக்கு மேல் தூக்கி அழுத்தியதாகவும் சொல்கிறார். பரிசு வாங்கும் படங்கள் பத்திரிகை ஆசிரியர்களின், பார்ப்பவர்களின் கற்பனையில்தான் பிறக்கின்றன என்ற அர்த்தத்திலும் பேசுகிறார். இதை ஒரு ஒப்புதல் வாக்குமூலமாகவும் கேட்கலாம், தன்னடக்கமாகவும் கேட்கலாம். நான் நாலு தடவை கேட்டேன். நாலு தடவையும் வேற வேற மாதிரிதான் தோணுச்சு.

தாரோ

கதையில் கெர்டா தாரோ எங்கே காணாமல் போனார்?

1937 ஜூலையில் மாட்ரிட்டுக்கு மேற்கே ப்ரூனெத்தே என்ற இடத்தில் பெரிய சண்டை. காப்பா அப்போது பாரீஸில். தாரோ தனியாகவே போர்முனையில் நின்று படமெடுத்தார். குடியரசுப் படை பின்வாங்கிய குழப்பத்தில், அவர் தொற்றிக்கொண்டு போன காரின் மேல் ஒரு டாங்கி மோதியது. அடுத்த நாள், ஜூலை 26-ல் இறந்துபோனார். பாரீஸில் அவருடைய இறுதி ஊர்வலம் ஆகஸ்ட் 1-ஆம் தேதி நடந்தது. அன்றுதான் அவருக்கு 27 வயது பிறந்திருக்க வேண்டும்.

ஊர்வலத்துக்கு ஆயிரக்கணக்கானவர்கள் வந்தார்கள். கல்லறையை ஜியாகொமெத்தி வடிவமைத்தார். ஆனால் சில வருஷங்களில் தாரோ "காப்பாவின் காதலி" ஆகிவிட்டார். அவர் எடுத்த படங்கள் பல காப்பா பெயரில் சுற்றின. ஸ்டுட்கார்ட்டிலும் லைப்சிக்கிலும் அவரைத் தெரிந்த குடும்பம் நாஜிகளின் இன அழிப்பில் மாண்டுபோனது. "இது எங்க பொண்ணு எடுத்த படம்"னு சொல்ல ஆளே இல்லை. 1994-ல்தான் இர்மே ஷாபர் என்ற ஜெர்மன் எழுத்தாளர் அவருடைய முதல் முழு வாழ்க்கை வரலாற்றை எழுதினார்.

பிறகு 2007-ல் மெக்ஸிகோ சிட்டியில் இருந்து மூன்று அட்டைப்பெட்டிகள் நியூயார்க்கில் உள்ள சர்வதேசப் புகைப்பட மையத்துக்கு வந்து சேர்ந்தன. காப்பாவின் தம்பி கார்னெல் 1974-ல் தொடங்கிய நிறுவனம் அது. பெட்டிகளில் ஸ்பெயின் போரின் சுமார் 4,500 நெகட்டிவ்கள். நாஜிப் படை பாரீஸை நெருங்கியபோது கைமாறிக் கைமாறி, மெக்ஸிகோ தூதர் ஒருவரின் குடும்பத்தில் தங்கிப்போனவை. 'மெக்ஸிகோ பெட்டி' என்று அதற்குப் பெயரே வந்துவிட்டது. விழும் வீரனின் நெகட்டிவ் அதில் இருக்கும் என்று எல்லோரும் எதிர்பார்த்தார்கள். இல்லை. ஆனால் தாரோவின் ப்ரூனெத்தே படங்கள் இருந்தன. காப்பா எடுத்தவை என்று நம்பியிருந்த சில படங்கள் தாரோவுடையவை என்று தெரிந்தது. எல்லோரும் ஒரு வீரனைத் தேடினார்கள், கிடைத்தது ஒரு பெண்ணின் உழைப்பு.

அந்தப் பையன்

இப்போ என் திருத்தத்துக்கு வர்றேன்.

2014 ஜூன், நார்மண்டி தரையிறக்கத்தின் எழுபதாவது ஆண்டு. ஏ. டி. கோல்மன் என்ற அமெரிக்கப் புகைப்பட விமர்சகரும் அவரோடு சேர்ந்த சில புகைப்படக்காரர்களும் ஆய்வாளர்களும் உருகிய நெகட்டிவ் கதையைத் துருவ ஆரம்பித்தார்கள். அவர்கள் வைத்த வாதங்கள் இவை.

ஒன்று, அந்தக் காலத்து உலர்த்தும் அலமாரிகளில் எமல்ஷனை உருக வைக்கும் அளவுக்கு சூடு வராது. இரண்டு, எமல்ஷன் சரிந்ததற்கு அடையாளமாக ஒன்றைக் காட்டுவார்கள். மிஞ்சிய படங்கள் ஃபிலிமின் ஓரத்தில் உள்ள பல் துளைகள் வரை வழிந்திருக்கும். ஆனால் காப்பா அதே கான்டாக்ஸ் கேமராக்களில் அதற்கு முன் எடுத்த, உருகாத ஃபிலிம்களிலும் இதே வழிசல் இருக்கிறது. கேமராவில் ஃபிலிம் உட்கார்ந்த விதத்தால் வந்தது அது. மூன்று, காப்பா முதல் அலையில் இறங்கவில்லை, ஒரு மணி நேரத்துக்கும் மேல் கழித்து, படைப்பிரிவுத் தளபதியின் குழுவோடு இறங்கினார், கரையில் இருந்தது சுமார் அரை மணி நேரம்தான்.

எண்ணிக்கையே கூட நிலையாக இல்லை. 1947-ல் வந்த தன் நினைவுக் குறிப்புப் புத்தகத்தில் காப்பா, 106 படங்களில் எட்டு தப்பியதாக எழுதினார். 'லைஃப்' இதழின் லண்டன் பட ஆசிரியர் ஜான் மோரிஸ் 11 என்றார். அந்தப் புத்தகத்தின் அட்டையிலேயே, உண்மையைச் சொல்வதற்காக உண்மையை இப்படியும் அப்படியும் கொஞ்சம் தாண்டியிருக்கிறேன் என்ற தோரணையில் காப்பா ஒரு குறிப்பும் போட்டிருந்தார்!

கதையை எழுபது வருஷம் சொல்லிவந்த ஜான் மோரிஸ் அப்போது உயிரோடு இருந்தார். தொண்ணூற்றேழு வயது. 2014-ல் ஒரு தொலைக்காட்சிப் பேட்டியில், மற்ற ரோல்களில் படமே இல்லாமல் இருந்திருக்கலாம், காப்பா எடுத்ததே அந்தச் சில படங்கள்தானோ என்னவோ என்று அவரே ஒப்புக்கொண்டார். இன்றைக்கும் எல்லோரும் கோல்மன் சொன்ன அத்தனையையும் ஏற்கவில்லை. ஆனால் சூட்டில் உருகியது என்ற பகுதியை இனிமேல் உண்மை என்று சொல்ல முடியாது.

இதில் என்னை உறுத்துவது இதுதான். அந்தப் பையன் மேல் விழுந்த பழி. லண்டன் இருட்டறையில் சின்ன வேலை பார்த்த ஒருவன், அனேகமாகச் செய்யாத ஒரு தப்புக்கு, உலகத்தின் மிகப் பெரிய படங்களை அழித்தவன் என்று எழுபது வருஷம் சொல்லப்பட்டான். அந்தப் பழி பக்கத்தில் நின்றவர்கள் மேலும் தெறித்தது. பின்னாளில் வியட்நாம் போரைப் படமெடுத்துப் புகழ்பெற்ற லாரி பரோஸ், இளவயதில் அதே அலுவலகத்தில் வேலை பார்த்தவர். "அது அவர்தான்" என்று ஒரு வதந்தி அவரை விடவேயில்லை. அவர் இல்லை என்று மோரிஸ் மறுத்த பிறகும் சுற்றியது. பரோஸ் 1971-ல் லாவோஸில் ஹெலிகாப்டர் சுட்டு வீழ்த்தப்பட்டு இறந்தார்.

கதையை யார் ஜோடித்தது, எதற்காக என்று உறுதியாகச் சொல்ல ஆதாரம் இல்லை. ஆனால் அதனால் யாருக்கெல்லாம் சௌகரியம் என்று பார்க்கலாம். பத்திரிகைக்கு சௌகரியம். காப்பாவுக்கு சௌகரியம். படம் கம்மி என்பதை ஒரு சோகமாக மாற்றிவிடலாம். நஷ்டப்பட்டது பதில் சொல்ல வழியில்லாத ஒருத்தன்தான். ஸ்பெயினிலும் அதே கதைதான். தாரோவால் பதில் சொல்ல முடியாது. விழும் ஆளாலும் முடியாது. அவருக்கு இன்னொருத்தர் பெயரைக் கொடுத்தோம். பொரெல் மரத்தடியில் இறந்ததை எடுத்து ஒரு சரிவில் வைத்தோம்.

மிஞ்சுவது என்ன?

அப்போ காப்பா ஏமாற்றுக்காரரா? எனக்கு அப்படித் தோணலை.

ஒமாஹாவில் அன்று 2,000-க்கும் மேற்பட்ட அமெரிக்க வீரர்கள் செத்தோ காயப்பட்டோ விழுந்தார்கள். துப்பாக்கி இல்லாத ஒருவர் அங்கே இறங்கினார். அரை மணி நேரம் நின்றார். பயந்து படகுக்கு ஓடினார். தான் ஓடியதை அவரே அந்தப் புத்தகத்தில் எழுதியிருக்கிறார். எனக்கு அந்தப் புத்தகத்தில் மிக நேர்மையான இடம் அதுதான் என்று படுகிறது. அந்தச் சில மங்கலான படங்கள்தான் அந்தக் காலையை நமக்குக் காட்டுகின்றன. ஸ்பீல்பெர்க் 'சேவிங் பிரைவேட் ரையன்' எடுத்தபோது அவற்றைத்தான் மனதில் வைத்திருந்தார். படத்தை நியாயப்படுத்த உருகிய நெகட்டிவ் தேவையே இல்லை.

1947-ல் கார்த்தியே-ப்ரெஸ்ஸோன், டேவிட் சீமோர், ஜார்ஜ் ராட்ஜர் ஆகியோருடன் சேர்ந்து மேக்னம் என்ற கூட்டமைப்பைத் தொடங்கினார். படத்தின் உரிமை பத்திரிகைக்கு அல்ல, எடுத்தவருக்கே என்பது அதன் அடிப்படை. இல்லாத அமெரிக்கர் பெயரில் படம் விற்க வேண்டிய நிலையில் இருந்தவர், அடுத்த தலைமுறைக்குச் செய்துவைத்தது இது.

1954-ல் ஜப்பானில் இருந்தபோது, 'லைஃப்' கேட்டதற்காக இந்தோசீனாவுக்குப் போனார். மே 25-ல், தாய் பின் அருகே, பிரெஞ்சுப் படையோடு போன பாதையில் படமெடுக்க முன்னால் நடந்தபோது கண்ணிவெடியை மிதித்துவிட்டார். வயது 40.

முடிக்கிறதுக்கு முன்னாடி ஒரே ஒரு படம். 1943 அக்டோபர் 2, இத்தாலியின் நேப்பிள்ஸ். ஜெர்மானியப் படையை எதிர்த்துத் தெருவில் சண்டையிட்டுச் செத்த பள்ளிக்கூடப் பையன்களின் இறுதிச் சடங்கு. தாய்மார்கள் கறுப்பு உடையில் நெருக்கியடித்து நிற்கிறார்கள். ஒருத்தி கையில் மகனின் சின்னப் புகைப்படம். வாய் திறந்திருக்கிறது, கைக்குட்டை இன்னொரு கையில். காப்பா வெகு பக்கத்தில் நின்று எடுத்திருக்கிறார்.

அந்தப் படத்தைப் பற்றி எந்தச் சண்டையும் இல்லை. எந்த நாள், எந்த இடம், யார் செத்தார்கள், எல்லாம் தெரியும். அதனாலதானோ என்னவோ, அதைப் பற்றி யாரும் கதை சொல்றதும் இல்லை. நானும் இதுவரை சொன்னதில்லை.

பழைய எபிசோடோட தொடக்கத்துல ஒரு திருத்தத்தைப் பேசிச் சேர்த்திருக்கேன். எழுதிச் சொன்ன அந்த நேயருக்கு நன்றி.